தண்ணீர் ஊசி

எங்கள் ருமிபுக்கியோ சந்தையில் கசிமிராவின் சூப்பைத் தண்ணீர் என்று சொன்ன ஆள் ஒரே ஒருவன்தான். லாரி ஓட்டுகிறவன், வெளியூர்க்காரன், அவனுக்கு என்ன தெரியும் பாவம். கசிமிரா கரண்டியைக் கீழே வைத்தாள். கொதிக்கிற பானையைத் துணி சுற்றிய கையால் இறக்கி அவன் மூக்குக்கு நேரே சாய்த்துப் பிடித்தாள். அடியில் ஆட்டுத்தலையும் உரித்த சோளமும் கிடந்தன, மேலே கொழுப்பு ஆடை கட்டியிருந்தது. "கண்ணு இருக்குல்ல? எங்க இருக்கு தண்ணி, காட்டு" என்றாள். அவன் வாயை மூடிக்கொண்டு இன்னொரு கிண்ணம் வாங்கிக் குடித்தான். எழுந்து போனவனைத் திரும்பக் கூப்பிட்டு, கொசுறு ஒரு கரண்டி ஊற்றித்தான் விட்டாள்.

நான் பக்கத்தில் ரொட்டி விற்கிறவள். அவள் சூப்பு விற்றால்தான் என் ரொட்டி விற்கும். அவ்வளவு வருஷம் தோளோடு தோள் இடித்துக்கொண்டு உட்கார்ந்தவள் சொல்கிறேன்: அவள் வாய்க்காரி, முன்கோபக்காரி, சண்டை என்று வந்தால் பாதிரியாரையும் விடமாட்டாள். ஆனால் கலப்படம் என்பது அவள் கைக்குத் தெரியாது. அப்படிப்பட்டவளைத்தான் ஏமாற்றினார்கள். அதுவும் தண்ணீரை வைத்து.

அவள் பிறந்தது மலைக்கு அந்தப் பக்கம், சிக்லாபாத்தாவில். வாக்கப்பட்டு இங்கே வந்தாள். புருஷன் எவரிஸ்தோ சுரங்கத்தில் வேலை, திருவிழாவுக்குத் திருவிழா முகம் காட்டுவான். பிள்ளை ஒன்றே ஒன்று, அன்செல்மோ. சந்தையிலேயே வளர்ந்தது அது. ஆட்டுத்தலையின் காதைப் பிடித்து விளையாடும், போகிற வருகிறவர்களின் தொப்பியை எல்லாம் இழுக்கும், யார் தூக்கினாலும் சிரிக்கும். மூன்று வயதாகியும் முதல் முடி இறக்கவில்லை. நல்ல ஞானத்தகப்பன் அமையட்டும் என்று கசிமிரா காத்திருந்தாள். அதனால் சடையும் சிக்குமாய்த் தோள்வரை தொங்கும் முடி.

முடி இறக்குவது எங்களுக்குச் சின்ன விஷயம் இல்லை. பிள்ளையின் உடம்பில் முதன்முதலாக இரும்பு படும்போது, பையனுக்குக் கத்தரிக்கோல், பெண்ணுக்குக் காது குத்தும் ஊசி, யார் மடியில் வைத்துப் பிடிக்கிறாரோ அவர் ஞானத்தகப்பன். அன்றிலிருந்து பெற்றவளுக்கு அவர் கொம்பாத்ரே, அவருக்கு அவள் கொமாத்ரே. கூடப் பிறந்த உறவைவிட ஒரு படி மேல். பிள்ளைக்கு நல்லது கெட்டது எல்லாவற்றுக்கும் அவர் வந்து நிற்க வேண்டும். பிள்ளை போய்விட்டால் சுற்ற வெள்ளைத் துணி கொண்டுவருவதும், பெட்டிக்கு முதல் கை கொடுப்பதும் அவர்தான்.

ஒரு நாள் சுகாதார இலாகாவின் வண்டி வந்தது. படம் எடுக்கப் போகிறார்களாம். தொண்டை அடைப்பான் நோய்க்கு ஊசி போடச் சொல்லும் படம். அந்த நோய் என்னவென்று எங்களுக்கு யாரும் படம் காட்டிச் சொல்ல வேண்டியதில்லை. அதற்கு முந்தைய மழைக்காலத்தில் சிக்லாபாத்தாவில் வீடு வீடாகப் புகுந்து வந்திருந்தது. பிள்ளையின் தொண்டைக்குள் வெள்ளையாகத் தோல் படர்ந்து, மூச்சு உள்ளே போகாமல், தாயின் மடியிலேயே நீலம் பாரித்துப் போகும். கசிமிராவின் தங்கை அங்கேதான் ஒரு மகனைப் பறிகொடுத்தாள். அதனால் ஊசி என்றதும் முதலில் ஓடிப்போய் நின்றது கசிமிராதான்.

படம் எடுக்க வந்தவர் லெயோன்சியோ அரியெத்தா. பட்டணத்து மனிதர், மெல்லிய பேச்சு, பளபளக்கும் தொப்பி. நல்லவர் மாதிரிதான் இருந்தார். ஊசி போடும்போது அழாத பிள்ளை வேண்டும் என்றார். கொண்டுவந்த பிள்ளைகள் எல்லாம் ஊசியைக் கண்டதுமே வீறிட்டன. அன்செல்மோ அவர் தொப்பியைப் பிடித்து இழுத்துச் சிரித்தான். அவ்வளவுதான், ஆள் முடிவாகிவிட்டது.

சுகாதார நிலையத்து வாசலில் எடுத்தார்கள். வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. தகப்பனாக நடிக்க வைத்திருந்தவன் காமிராவையே திரும்பிப் பார்த்துக்கொண்டிருக்கவே, அவனை விலக்கிவிட்டு லெயோன்சியோ தானே உட்கார்ந்து பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டார். படத்தில் அவர் முகம் தெரியாது, கை மட்டும் தெரியும். எங்கள் நர்ஸ் தெல்பினா ஊசியைக் குத்தினாள். அன்செல்மோ முகத்தைச் சுளித்தான், ஊசியைப் பார்த்தான், அண்ணாந்து லெயோன்சியோவைப் பார்த்தான், சிரித்துவிட்டான். கூடியிருந்த நாங்கள் எல்லாரும் கை தட்டினோம்.

கசிமிராவுக்கு ஒரே சந்தோஷம். பிள்ளைக்கு மருந்தும் ஏறிவிட்டது, பட்டணத்து ஞானத்தகப்பனும் கிடைத்துவிட்டார். இரும்பு பட்டபோது மடியில் வைத்திருந்தவர் அவர்தானே? மறுநாள் முறைப்படி கினிப்பன்றி ஒன்றை முழுசாக வாட்டி, உருளைக்கிழங்கும் சோளக்கள்ளும் எடுத்துக்கொண்டு போனாள். அவர் சிரித்துக்கொண்டே வாங்கிச் சாப்பிட்டார். விரலை நக்கி, "ரொம்ப ருசி, கொமாத்ரே" என்றார். ஊரார் முன்னால் தன் வாயாலேயே சொன்னார். பிறகு வண்டி போய்விட்டது.

சில மாதம் கழித்துப் படத்தைக் கொண்டுவந்து கோவில் சுவரில் காட்டினார்கள். தலைநகரத்துப் பாஷையில் யாரோ பேசியது பாதிப் பேருக்குப் புரியவில்லை. யாருக்கு வேண்டும் பேச்சு? எங்கள் அன்செல்மோ கோவில் கதவு அளவுக்கு நின்று சிரிக்கிறான். அடிக்குப் பயந்த கழுதை மாதிரி ஊசிக்குப் பின்வாங்கியவர்கள் எல்லாரும், "அந்தச் சின்னப் பயலே சிரிக்கிறானே" என்று துணிந்துவிட்டார்கள். படம் நல்ல படம்தான். அதை நான் மறுக்கவில்லை.

அடுத்து நிஜ ஊசிக்காரர் வந்தார், மாக்சிமோ தெய்யோ என்ற மனிதர், ஐஸ் பெட்டியைக் கழுதை மேல் ஏற்றிக்கொண்டு. எல்லாரும் வரிசையில் நின்றோம். என் மகளும் நின்றாள். கசிமிராதான் முதல் ஆள். மாக்சிமோ அன்செல்மோவைப் பார்த்தார், முகம் மலர்ந்துவிட்டது. "அட, நம்ம படத்துப் பையன்" என்று தோளில் தூக்கி வைத்துக்கொண்டு வரிசை நெடுக நடந்தார். அழுத பிள்ளைகளுக்கு அவனைக் காட்டிக் காட்டித்தான் ஊசி போட்டார். இவனுக்குத்தான் ஏற்கெனவே போட்டாயிற்றே, மருந்து வேறு குறைவாக இருக்கிறது, வேறு பிள்ளைக்கு ஆகட்டும் என்றார். கசிமிராவும் பெருமையோடு ஒதுங்கிக்கொண்டாள். அடுத்த தவணை ஊசிக்கு அவர் வந்தபோதும் அதே தோள், அதே ஊர்வலம். ஊரில் எல்லாப் பிள்ளைக்கும் ஊசி ஏறியது, தோளில் இருந்தவனைத் தவிர.

மழை பிடித்தது. நோயும் வந்தது. எங்கள் தெருவில் யாருக்கும் ஒன்றும் இல்லை. அன்செல்மோவுக்கு மட்டும் காய்ச்சல் கண்டது, கழுத்து வீங்கியது. கசிமிரா விரலை விட்டு அவன் வாயைத் திறந்து பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டாள். நானும் பார்த்தேன். வெள்ளைத் தோல். பாலம் உடைந்து கிடந்ததால் மாகாணத் தலைநகரத்திலிருந்து மருந்து வரவில்லை. பலகை போட்டுப் பாலத்தைச் சரிசெய்தபோது பிள்ளை போய்விட்டான். அதற்குமேல் நான் சொல்ல மாட்டேன். பிள்ளை மூச்சுக்குத் தவித்ததைப் பார்த்தவள் நான், அது என்னோடு போகட்டும்.

ஞானத்தகப்பனுக்கு லாரிக்காரர்கள் மூலம் சொல்லி அனுப்பினோம். அவர் வரவேண்டும், வெள்ளைத் துணி கொண்டுவரவேண்டும். சேதி போய்ச் சேர்ந்தது என்று லாரிக்காரன் சத்தியம் செய்தான். இருட்டும்வரை பார்த்தோம், மறுநாளும் பார்த்தோம். வரவில்லை. கடைசியில் என் மாவுச் சாக்குகளைப் பிரித்து வெளுத்துத் தைத்து அதில்தான் சுற்றினோம். எவ்வளவு தேய்த்தும் மாவு ஆலையின் பெயர் நீல எழுத்தில் மங்கலாகத் தெரிந்தது. சம்மனசாக வானத்துக்குப் போகிற பிள்ளைக்கு மாவுச் சாக்கு. அன்றிலிருந்து நான் அந்த ஆளை அவர் என்று சொல்வதில்லை. இனி இந்தக் கதையிலும் அவன்தான்.

ஊர் சும்மா இருக்குமா? படத்துப் பையனே செத்துப்போனான், ஊசியால் ஒரு பிரயோஜனமும் இல்லை என்று பேச்சுக் கிளம்பியது. மலையைத் தாண்டும்போது அந்தப் பேச்சு இன்னும் வளர்ந்தது. ஊசிதான் அவனைக் கொன்றது என்று சிக்லாபாத்தாவில் நம்பிவிட்டார்கள். மாக்சிமோவின் கழுதையைக் கல்லால் அடித்து விரட்டினார்கள். முதல் கல்லை எறிந்தது கசிமிராவின் தங்கை. அவளுக்கு இன்னும் ஒரு பெண் குழந்தை இருந்தது.

அப்போதுதான் தெல்பினா வந்தாள். கசிமிரா அடுப்பு மூட்டாமல் வெறும் பானையோடு சந்தையில் உட்கார்ந்திருந்தாள். நர்ஸ் என் பக்கம்கூடப் பார்க்காமல் அவள் முன்னால் மண்டியிட்டாள்.

"அன்னிக்கு ஊசில மருந்து இல்ல, கசிமிரா. பட்டணத்துலேர்ந்து மருந்து வந்து சேரல. வெயில் போகுது, படத்துக்குத்தானேன்னு அந்த ஐயா சொன்னாரு. கொதிக்க வெச்ச தண்ணி அது. பின்னால மாக்சிமோ போடுவாருல்லன்னு நானும் இருந்துட்டேன்."

கசிமிரா கத்துவாள், பானையைத் தூக்கி அடிப்பாள் என்று நான் எழுந்து நின்றேன். அவள் கத்தவில்லை.

"தண்ணியா?" என்றாள். வெறும் பானையை மடிக்கு இழுத்துக்கொண்டு, "வழிப்போக்கனுக்குக் கூட நான் சூப்புல தண்ணி ஊத்தினதில்ல. எம்புள்ளைக்குத் தண்ணியக் குத்தினீங்களா?" என்றாள்.

தெல்பினா அழுதுகொண்டே போய்விட்டாள். கசிமிரா பானையைத் துடைத்து முதுகில் கட்டிக்கொண்டு உருளைக்கிழங்கு லாரியில் ஏறினாள். நானும் கடையை அப்படியே போட்டுவிட்டு ஏறினேன். தனியாக விட்டால் அவள் கொலை செய்துவிடுவாள் என்று பயம். செய்தால்தான் என்ன என்றும் இருந்தது எனக்கு.

மாகாணத் தலைநகரத்தில் இலாகாக் கட்டடத்து மாடியில் அவன் இருந்தான். கசிமிராவைப் பார்த்ததும் எழுந்தான். சேதி கிடைத்ததா என்று கேட்டாள். கிடைத்தது, வேலை நெருக்கடி என்றான். தண்ணீர் என்று தெரியுமா என்றாள். அவன் சட்டைப்பைக்குள் கையை விட்டுப் பணம் எடுத்து நீட்டினான். கசிமிரா அந்தக் கையைத் தட்டிவிட்டாள். அவள் கேட்டது ஒன்றே ஒன்று: கொம்பாத்ரே என்ற முறையில் சிக்லாபாத்தாவுக்கு வர வேண்டும், படம் காட்டி, ஊசியில் இருந்தது தண்ணீர் என்று எல்லார் முன்னாலும் அவன் வாயால் சொல்ல வேண்டும். அங்கே இன்னும் ஒரு பிள்ளைக்கும் ஊசி போடவில்லை, நோய் பக்கத்துப் பள்ளத்தாக்குவரை வந்துவிட்டது.

அவன் என்ன சொன்னான் தெரியுமா? பொறுமையாக, படிக்காத பிள்ளைக்குப் பாடம் சொல்வதுபோல் சொன்னான். "அது வெளிய தெரிஞ்சா ஜனங்க எங்க மேல வெச்ச நம்பிக்கையே போயிடும், கொமாத்ரே. ஆயிரக்கணக்கான பிள்ளைங்களுக்காக நீங்க கொஞ்சம் பொறுத்துக்கணும். அந்த இடத்த மட்டும் படத்துலேர்ந்து வெட்டிடறேன்."

"உங்க மேல நம்பிக்கை போனா எனக்கென்ன?" என்றாள் கசிமிரா. "இப்ப மருந்து மேலல்ல நம்பிக்கை போயிருக்கு. எம்புள்ளையக் கொன்னது மருந்துன்னு என் தங்கச்சியே கல்ல எடுத்துட்டு நிக்கறா. மருந்து கொல்லல. மருந்து இல்லாததுதான் கொன்னுச்சு. இத நான் சொன்னா பித்துப் பிடிச்சவள்னுவாங்க. நீங்க சொல்லணும்."

மேலிடத்தில் கேட்க வேண்டும் என்றான். கேளுங்கள், வாசலில் இருக்கிறேன் என்று இறங்கி வந்துவிட்டாள்.

இருந்தாளே. இலாகா வாசலில் கல்லைக் கூட்டி அடுப்புப் போட்டாள். நான் ரொட்டிக்கு மாவு பிசைந்தேன். அந்த ஊரில் அப்படி ஒரு சூப்பு யார் கண்டது? குமாஸ்தாக்கள் வந்தார்கள், காவல்காரன் வந்தான், டாக்டர்களும் வந்தார்கள். ஒவ்வொருவருக்கும் ஊற்றும்போது, மாடிச் சன்னலுக்குக் கேட்கும்படி ஒன்று சொல்வாள்: "நல்லாக் குடிச்சுப் பாருங்க, ஐயா. இது தண்ணி இல்ல. தண்ணி குடுக்கறவரு மேல இருக்காரு." முதலில் சிரித்தார்கள். பிறகு என்ன ஏது என்று கேட்டார்கள். அவள் சொன்னாள். கேட்டவர்கள் கிண்ணத்தைக் கையில் வைத்துக்கொண்டே மாடியைப் பார்க்க ஆரம்பித்தார்கள். காவல்காரனை விட்டு அவளைக் கிளப்பப் பார்த்தார்கள். அவனோ, சூப்பைக் குடித்துவிட்டு எந்த வாயால் போகச் சொல்வது என்று திரும்பிவிட்டான்.

ஒரு நாள் காலையில் லெயோன்சியோ இறங்கி வந்தான். முகம் சவரம் செய்யவில்லை. மேலிடத்தில் என்ன சொன்னார்களோ தெரியாது. "வண்டி தயாரா இருக்கு. ஏறுங்க" என்று மட்டும் சொன்னான்.

சிக்லாபாத்தாவில் எங்களை வரவேற்றது கல்தான். வண்டிக் கண்ணாடி ஒன்று உடைந்தது. கசிமிரா இறங்கி முன்னால் நடந்தாள். பிறந்த ஊர் அவள்மேல் எறியாது என்று அவளுக்குத் தெரியும். எறியவில்லை. ஊர் கூடியது. அவள் தங்கை குழந்தையைப் போர்வைக்குள் மறைத்துக்கொண்டு கடைசி வரிசையில் நின்றாள். சந்தைத் திடலில் திரையைக் கட்டினார்கள். பிள்ளை செத்தபோது ஒரு முழம் வெள்ளைத் துணி கொண்டுவராதவன், படம் காட்ட இரண்டு ஆள் உயரத்துக்கு வெள்ளைத் துணி கொண்டுவந்திருந்தான். எனக்கு அதைக் கிழித்து எறிய வேண்டும்போல் இருந்தது.

இருட்டியதும் படம் ஓடியது. மருந்து செய்கிற இடம், வெள்ளைக் கோட்டு டாக்டர், பிறகு எங்கள் சுகாதார நிலையத்து வாசல். சடை தொங்கும் முடியோடு அன்செல்மோ. ஊசி குத்துகிறது, சுளிக்கிறான், அண்ணாந்து பார்க்கிறான், சிரிக்கிறான். கசிமிரா கண்ணை எடுக்காமல் பார்த்தாள். பிள்ளை போன பிறகு அவள் அவனைப் பார்ப்பது அப்போதுதான். அவள் கை என் கையைப் பிடித்திருந்த பிடியில் எனக்கு விரல் மரத்துப்போய்விட்டது.

லெயோன்சியோ படத்தை நிறுத்தச் சொன்னான். கையில் கத்தரிக்கோலோடு படப்பெட்டிக்குப் பக்கத்தில் வந்து நின்று, இந்த இடத்தை எல்லார் கண் முன்னாலும் வெட்டி எறியப் போகிறேன் என்று தொடங்கினான்.

"வெட்டாதீங்க" என்றாள் கசிமிரா. "வெட்டிட்டா நீங்க கையக் கழுவிட்டுப் போயிடுவீங்க. எம்புள்ள அங்கயே சிரிக்கட்டும். அவன் சிரிக்கற ஊர்லயெல்லாம் யாராவது எந்திரிச்சு அது தண்ணின்னு சொல்லணும். இன்னிக்கு நீங்க சொல்லுங்க."

அவன் கத்தரிக்கோலைக் கீழே வைத்தான். சொன்னான். கேட்கவில்லை, சத்தமாக என்று கடைசி வரிசையிலிருந்து தங்கைதான் கத்தினாள். மறுபடி சொன்னான். "அந்த ஊசில மருந்து இல்ல. வெறும் தண்ணி. நான்தான் போடச் சொன்னேன். மருந்து போட்ட பிள்ளைங்க எல்லாம் உசுரோட இருக்காங்க. அந்தப் பிள்ளைக்கு மட்டும் போடல."

யாரும் அவனை அடிக்கவில்லை. அடித்திருக்கலாம் என்று நான் இன்றைக்கும் நினைக்கிறேன்.

எங்களோடு வண்டியில் வந்திருந்த மாக்சிமோ விளக்கு வெளிச்சத்தில் ஐஸ் பெட்டியைத் திறந்தார். அவர் கண்ணும் சிவந்திருந்தது. தோளில் தூக்கிச் சுமந்தவர் அல்லவா. கசிமிரா ஒவ்வொரு மருந்துக் குப்பியாக வாங்கி, விளக்குக்கு நேரே தூக்கிக் கூட்டத்துக்குக் காட்டினாள், சந்தையில் பானையைச் சாய்த்துக் காட்டியதுபோலவே. மருந்தைத் திறப்பதும் ஊசியில் ஏற்றுவதும் எல்லார் கண்ணுக்கும் தெரியவேண்டும் என்றாள். பிறகு ஒரு முக்காலியை இழுத்துப் போட்டு லெயோன்சியோவை உட்காரச் சொன்னாள். அவன் உட்கார்ந்தான். அவள் கடைசி வரிசைக்குப் போய், தங்கை கையிலிருந்து குழந்தையை வாங்கி வந்தாள். இன்னும் காது குத்தாத குழந்தை. இரும்பு படாத உடம்பு.

அவன் மடியில் அதை வைத்தாள்.

"பிடிங்க, கொம்பாத்ரே" என்றாள். "வரிசைல நிக்கற அத்தனையும் நீங்கதான் பிடிக்கணும். விடியறதுக்குள்ள இந்த ஊர்ப் பிள்ளைங்க எல்லாத்துக்கும் நீங்கதான் ஞானத்தகப்பன். இதுல ஒண்ணு போனாலும் வெள்ளத் துணி நீங்கதான் கொண்டாரணும். இந்தத் தடவ நான் மாவுச் சாக்கு தைக்க மாட்டேன்."

ஊசி இறங்கியது. குழந்தை வீறிட்டு அழுதது. அவன் அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டான். அடுத்த பிள்ளையை நான் கொண்டுபோய்க் கொடுத்தேன்.